பாடிச் சம்பாதித்த கோட்டை

1880-களில் ஒரு நாள். பாஸ்டன் நகரில் அன்று ராத்திரி ‘லா டிராவியாட்டா’ ஓபரா. கம்பெனி நடத்திய மேப்பிள்சன் என்ற ஆங்கிலேயரிடம் பகலில் 800 பவுண்டுதான் இருந்தது. கதாநாயகியின் ஒரு ராத்திரிச் சம்பளமோ 1,000 பவுண்டு. ஒப்பந்தப்படி பணம் பகல் இரண்டு மணிக்கே கைக்கு வந்துவிட வேண்டும். வாங்க வந்த ஏஜெண்ட் ஃபிராங்கி, மீதி இல்லையா, அப்படியானால் ஒப்பந்தம் முறிந்தது என்று கிளம்பிவிட்டார். இரண்டு மணி நேரம் கழித்துத் திரும்பி வந்தவர் முகத்தில் தெளிவு. அம்மையார் பெரிய மனசு பண்ணியிருக்கிறார்: 800-ஐ இப்போதே கொடுத்துவிடுங்கள், வேஷம் கட்டி நேரத்துக்கு வந்து நிற்பார், ஆனால் காலில் செருப்பு மட்டும் இருக்காது, டிக்கெட் கவுண்ட்டர் திறந்து மீதிப் பணம் வந்ததும் போட்டுக்கொள்வார். கவுண்ட்டர் திறந்தது. 160 பவுண்டு சேர்ந்தது. அதைக் கொண்டுபோய்க் கொடுத்துவிட்டு வந்த ஃபிராங்கி சொன்ன செய்தி: ஒரு கால் செருப்பு ஏறிவிட்டது, பாக்கி 40-ஐ அனுப்பினால் இன்னொன்றும் ஏறிவிடும்.

இதை மேப்பிள்சனே தன் நினைவுக் குறிப்புகளில் எழுதி வைத்திருக்கிறார். பணம் கொடுக்கத் திணறிய மனிதர் எழுதியது, அதனால் கொஞ்சம் உப்புப் புளி கூடத்தான் இருக்கும். ஆனாலும் எனக்கு இந்தக் கதையை நம்பப் பிடிக்கும். காரணம், அந்தச் செருப்புகளுக்குரிய அம்மாளின் வீட்டை நான் பார்த்திருக்கிறேன். வேல்ஸ் நாட்டில் மலையடிவாரத்தில் ஒரு கோட்டை, அதற்குள் ஒரு தியேட்டர், ஊர் ரயில்வே ஸ்டேஷனில் தனியாக ஒரு காத்திருப்பு அறை. எதையும் எந்த ராஜாவும் மானியமாக எழுதிக் கொடுக்கவில்லை. எல்லாம் தொண்டையில் சம்பாதித்தது.

அடெலினா பாட்டி என்று அந்தப் பெயரைச் சென்னையில் எங்கள் இசைத்தட்டு வட்டத்தில் எடுத்தாலே ஒருவர் சிரிக்காமல் இருக்கமாட்டார். அதைத் தாண்டித்தான் பேச்சைத் தொடங்க வேண்டியிருக்கும். நான் தபால் இலாகாவில் வேலை பார்த்தவன். சம்பளத்தில் வீட்டுக்குத் தெரிந்து ஒரு பங்கும் தெரியாமல் ஒரு பங்கும் பழைய தட்டுகளுக்குப் போயிருக்கிறது. மூர் மார்க்கெட் 1985-ல் எரிவதற்கு முன்னால் அங்கே தரையில் பரப்பிய சாக்கின் மேல் எதுவும் கிடைக்கும், எஸ்.ஜி. கிட்டப்பாவுக்கு அடியில் இத்தாலியப் பாடகி இருப்பார். அடெலினாவின் அசல் தட்டு எனக்குக் கடைசி வரை அகப்படவில்லை. பின்னாளில் வந்த மறுபதிப்பு எல்.பி.தான் இருக்கிறது. அதன் உறையில், அந்தப் பாடல்கள் பதிவான இடம் என்று ஸ்டுடியோ பெயருக்குப் பதிலாக ஒரு வீட்டின் பெயர் அச்சாகியிருந்தது: க்ரைக்-இ-நோஸ். ஸ்டுடியோ வீட்டுக்கு வந்ததா, யார் இந்த அம்மாள் என்றுதான் என் விசாரணை ஆரம்பித்தது.

மகள் ஸ்வான்ஸியில் குடியேறியது என் அதிர்ஷ்டம். அங்கிருந்து டாவே நதியை ஒட்டி வடக்கே போகும் சாலையில் நிலக்கரி தோண்டிய ஊர்கள் ஒவ்வொன்றாகப் பின்தங்கும். இஸ்ட்ராட்கன்லைஸ் தாண்டியதும் பள்ளத்தாக்கு ஒடுங்கி, வீடுகள் அற்று, இரண்டு பக்கமும் மரமில்லாத பழுப்பு மலை. அங்கே சாலையோரத்தில் திடீரென்று சாம்பல் கல்லில் கோபுரமும் கொத்தளமுமாக நிற்கிறது. போர் எதையும் பார்த்திராத கோட்டை அது. 1841-லிருந்து 1843 வரை, தாமஸ் ஹென்றி வயட் என்ற கட்டிடக் கலைஞரை வைத்து கேப்டன் பவல் என்பவர் கட்டிக்கொண்ட வீடு. கோட்டைத் தோற்றம் அக்காலத்துப் பணக்கார மோஸ்தர். பவல் குடும்பத்துக்கு அங்கே நல்லது நடக்கவில்லை, அடுத்தடுத்துச் சாவு, சொத்துத் தகராறு. ஊர்க்காரர்கள் சாபம் என்பார்கள். நான் அந்தப் பக்கம் போகவில்லை, ஏற்கெனவே அங்கே பேய் காட்டும் சுற்றுலா நடத்துகிறார்கள்.

வீடு கட்டி முடிந்த அதே 1843-ல், பிப்ரவரி மாதம், அடெலினா மாட்ரிட்டில் பிறந்தார். அப்பா சால்வடோரே, அம்மா கத்தரீனா, இருவரும் இத்தாலிய ஓபராப் பாடகர்கள். கச்சேரிக்குப் போன ஊரில் பிறந்த குழந்தை. குடும்பம் நியூயார்க் போய்ச் சேர்ந்தது. அங்கே பிழைப்பு தடுமாறியபோது குழந்தையை மேடையில் ஏற்றினார்கள். வீட்டுக்குச் சோறு போடும் தொண்டை அது என்பது எட்டு வயதிலேயே அவருக்குத் தெரிந்துவிட்டது. பின்னாளில் செருப்பை வைத்துப் பேரம் பேசிய பெண்ணைப் பேராசைக்காரி என்று எழுதியவர்கள் இதை மறந்துவிட்டார்கள். 1859 நவம்பரில், 16 வயதில், நியூயார்க்கில் ‘லூசியா’வாக முதல் முழு ஓபரா. 1861-ல் லண்டன் கோவென்ட் கார்டன்.  அதற்குப் பிறகு 20 வருஷம் ஐரோப்பாவில் அவர் வைத்ததுதான் விலை. ஒத்திகைக்கு வரமாட்டார், ஒப்பந்தத்திலேயே அப்படி இருக்கும். சுவரொட்டியில் அவர் பெயர் மற்றவர்கள் பெயரைவிடப் பெரிய எழுத்தில் இருக்க வேண்டும். ரோசினி எழுதிய பாட்டை ரோசினியிடமே ஏகப்பட்ட கமகம் போட்டுப் பாடிக் காட்டியபோது, நன்றாக இருக்கிறது, யார் எழுதியது என்று அந்தக் கிழவர் கேட்டாராம்.

1868-ல் ஒரு பிரெஞ்சு மார்க்கியைக் கல்யாணம் செய்துகொண்டார். பட்டம் அவர் பக்கம், பணம் இவர் பக்கம். கூட நடித்த எர்னெஸ்டோ நிக்கோலினி என்ற டெனர் பாடகரோடு காதல் வந்தபோது, அவருக்கும் மனைவி, பிள்ளைகள் இருந்தார்கள். 1877-ல் மார்க்கியைப் பிரிந்தார். பத்திரிகைகளுக்கு நல்ல தீனி. பெரிய ஊர்களில் வம்பு வாசல் வரை வந்து நின்ற நேரத்தில்தான் 1878-ல் இந்த மலையடிவாரத்தை 3,500 பவுண்டுக்கு வாங்கினார். பாஸ்டன் கணக்குப்படி மூன்றரை ராத்திரிச் சம்பளம். மார்க்கியிடமிருந்து விவாகரத்து 1885-ல்தான் முடிந்தது, சொத்தில் பாதியைக் கொடுத்துவிட்டு. அடுத்த வருஷம் நிக்கோலினியோடு கல்யாணம், இந்த வீட்டுப் பக்கத்திலேயே.

வாங்கியது ஒரு வீடு, ஆக்கியது வேறு. வடக்கிலும் தெற்கிலும் புதுக் கட்டுகள், மணிக்கூண்டு, கண்ணாடிக் கூண்டு மாதிரி ஒரு பெரிய குளிர்காலத் தோட்டம். மின்சாரம் வேல்ஸில் தனியார் வீடுகளுக்கு வர ஆரம்பித்த காலத்திலேயே இங்கே வந்துவிட்டது. பில்லியர்ட்ஸ் அறையில் ஜெர்மனியின் ஃபிரைபர்க் ஊரிலிருந்து வெல்ட்டே கம்பெனியின் ஆர்கெஸ்ட்ரியான், அதாவது ஆளே இல்லாமல் ஒரு வாத்தியக் கோஷ்டி முழுவதையும் வாசிக்கும் பீரோ அளவு இயந்திரம்.

ரயில் விஷயம் இன்னும் ரசமானது. மலைக்கு மேலே பென்வில்ட் என்ற ஊர். சுண்ணாம்புக் கல் குவாரியும் செங்கல் சூளையும் தவிர அங்கே ஒன்றும் கிடையாது. நீத்-பிரெக்கன் ரயில் பாதை அதன் வழியே போனது. அடெலினா தன் செலவில் கோட்டையிலிருந்து ஸ்டேஷனுக்குச் சாலை போட்டார், அங்கே தனக்கென்று ஒரு காத்திருப்பு அறை கட்டினார். பதிலுக்கு ரயில் கம்பெனி அவருக்குத் தனிப் பெட்டி ஒதுக்கியது. லண்டன், பாரிஸ், பீட்டர்ஸ்பர்க் என்று எங்கே பாடிவிட்டு வந்தாலும் கடைசியில் சுண்ணாம்புத் தூசி படிந்த அந்த மலை ஸ்டேஷனில் இறங்குவார், குவாரிக்காரர்கள் கூடி வரவேற்பார்கள். 1962-ல் பயணிகள் ரயில் நின்றுபோனது.

இப்போது தியேட்டருக்கு வருகிறேன். இதற்காகத்தான் போனேன்.

கோட்டை இன்று ஓட்டலாக இருக்கிறது. கல்யாணத்துக்கும் விடுகிறார்கள். நாங்கள் போன அன்றும் வரவேற்பறையில் நாற்காலிகளுக்கு வெள்ளைத் துணி கட்டிக்கொண்டிருந்தார்கள். “மாமா, இத்தனை தூரம் வந்து கல்யாண மண்டபம் பார்க்கத்தானா?” என்றார் மாப்பிள்ளை. சுற்றிக் காட்டிய அம்மாள் ஒரு கதவைத் திறந்தபோது அவரும் பேசாமல் நின்றுவிட்டார்.

150 பேர் உட்காரலாம், அவ்வளவுதான். நம் சபாக்களின் சின்ன ஹாலைவிடவும் சின்னது. சுவர் வெளிர் நீலம், பாலாடை நிறம், தங்கப் பூச்சு. வரிசையாகத் தூண்கள், மேலே இசையமைப்பாளர்களின் பெயர்கள். மேடைக்கு முன்னால் வாத்தியக்காரர்களுக்கான பள்ளம். மேடையின் குறுக்கே இறங்கும் திரைச்சீலையில் வண்ண ஓவியம்: ரதத்தில் நின்றபடி குதிரைகளை விரட்டிக்கொண்டு வரும் ராணி. அது ரோசினியின் ஓபராவில் வரும் பாபிலோன் அரசி செமிராமிடே. முகம் வீட்டுக்கார அம்மாளுடையது. தன் வீட்டில், தன் தியேட்டரில், தன் படம் போட்ட திரை. நாணம் என்ற சொல்லுக்கு இங்கே வேலையில்லை. எனக்கு அது தவறாகவும் தெரியவில்லை. இதே காரியத்தை ஒரு ஜமீன்தார் செய்திருந்தால் யாரும் ஒரு வார்த்தை சொல்லியிருக்கமாட்டார்கள்.

தரையைக் கவனிக்கச் சொன்னார் வழிகாட்டி. நாடகம் நடக்கும்போது தரை மேடையை நோக்கிச் சரிந்திருக்கும், பின்வரிசைக்காரருக்கும் முன்னால் இருப்பவர் தலை மறைக்காது. நாடகம் முடிந்ததும் நாற்காலிகளை அப்புறப்படுத்திவிட்டு, அடியிலிருக்கும் ஜாக்கிகளால் தரையையே தூக்கி மேடை மட்டத்துக்குச் சமமாக்கிவிடுவார்கள். தியேட்டர் நடன மண்டபமாகிவிடும். மேடைக்குப் பின்னால் காட்சித் திரைகளை ஏற்றி இறக்கும் பழைய மரச் சாதனங்களும் அப்படியே இருக்கின்றன. ஸ்வான்ஸியைச் சேர்ந்த பக்னல், ஜென்னிங்ஸ் என்ற இருவர் வடிவமைத்தது. பைராய்ட்டில் வாக்னர் கட்டிக்கொண்ட ஓபரா அரங்கை மனதில் வைத்து என்று சொல்வதுண்டு. ஆனால் வாக்னர் ஒரு ராஜாவிடம் கை நீட்டித்தான் அதைக் கட்டினார். இந்தத் தியேட்டர் இப்போது சட்டப்படி முதல் நிலைப் பாதுகாப்புக் கட்டிடம். ஓர் ஆணி பிடுங்க வேண்டுமானாலும் அனுமதி வாங்க வேண்டும்.

திறப்பு விழா 1891-ல். பெரிய நடிகர் ஹென்றி இர்விங் வந்து திறப்பதாக ஏற்பாடு, அவரால் வர முடியவில்லை. வில்லியம் டெரிஸ் வந்து முன்னுரை பேசினார். (ஆறு வருஷம் கழித்து லண்டனில் தியேட்டர் வாசலிலேயே கத்தியால் குத்திக் கொல்லப்பட்டாரே, அதே டெரிஸ்.) ‘லா டிராவியாட்டா’வின் முதல் அங்கமும் ‘ஃபௌஸ்ட்’டின் தோட்டக் காட்சியும் நடந்தன. லண்டனிலிருந்து பத்திரிகைக்காரர்களை வரவழைத்திருந்தார்கள்.

வெளியே டிக்கெட் விலை வானத்தைத் தொடும் ஒரு பாடகி, வீட்டில் 150 பேருக்குச் சும்மா பாடுவதற்கு ஏன் இத்தனை செலவு செய்ய வேண்டும்? மேடையில் நின்றபோது எனக்குத் தோன்றிய பதில் இது. வெளியே எந்தத் தியேட்டரும் அவருடையது அல்ல. கோவென்ட் கார்டனிலும் நியூயார்க்கிலும் எவ்வளவு பெரிய எழுத்தில் பெயர் போட்டாலும் மேனேஜர் ஒருவர் உண்டு, வாடகை உண்டு, கல்லா உண்டு, அந்தக் கல்லாவோடு தினமும் மல்லுக்கட்டு உண்டு. இங்கே கல்லா கிடையாது. எந்த அங்கம் வேண்டுமோ அதை மட்டும் பாடலாம், அலுத்தால் நிறுத்தலாம். பேசாமல் நடிக்கும் ஊமை நாடகங்களும் இங்கே போட்டிருக்கிறார், குரலைக் களைப்படையச் செய்யாமல் மேடை ஆசையைத் தீர்த்துக்கொள்ள. கைதட்டுவது விருந்தாளிகளின் கடமை, சாப்பாடு அவருடையது. ஒரு தொழிலாளி தன் தொழிற்கருவியை முதல்முறையாகச் சொந்தமாக வாங்கி வைத்துக்கொண்டது மாதிரிதான் இதை என்னால் பார்க்க முடிகிறது.

வெளியூரில் காசுக்குக் கறாரான அந்த அம்மாள் அக்கம்பக்கத்துக்குத் தாராளமாக இருந்தார். ஸ்வான்ஸி, நீத், பிரெக்கன் ஊர்களின் ஆஸ்பத்திரிகளுக்கும் ஏழைகளுக்கும் வருஷா வருஷம் தர்மக் கச்சேரி. ராத்திரி 1,000 பவுண்டு பாட்டை நிலக்கரித் தொழிலாளி சில ஷில்லிங்கில் கேட்டான். 1912-ல் ஸ்வான்ஸி நகரம் அவரைக் கௌரவக் குடிமகள் ஆக்கியது.

நிக்கோலினி 1898-ல் இறந்தார். அடுத்த வருஷமே பிரெக்கன் கத்தோலிக்கக் கோயிலில் மூன்றாவது கல்யாணம். மாப்பிள்ளை ஸ்வீடன் நாட்டு பிரபு ரோல்ஃப் செடர்ஸ்ட்ரோம், அடெலினாவைவிட ரொம்பச் சின்னவர். வந்ததும் வேலைக்காரர்களை 40-லிருந்து 18 ஆகக் குறைத்தார், விருந்துகளைச் சுருக்கினார். தியேட்டரில் விளக்கு எரிவது அபூர்வமாயிற்று. பெரிய குற்றமாகச் சொல்லமாட்டேன், யாராவது ஒருவர் அந்த வீட்டில் கணக்குப் பார்க்கத்தான் வேண்டியிருந்திருக்கும்.

அந்த அமைதியான வருஷங்களில்தான், 1905 டிசம்பரில், கிராமபோன் கம்பெனி அவர் வாசலுக்கு வந்தது. வர வைக்க அவர்கள் பட்டபாடு கொஞ்சமல்ல. கரூஸோ பாடிவிட்டார், மெல்பா பாடிவிட்டார். எல்லாருக்கும் மூத்த அடெலினா மட்டும் பாக்கி. ஸ்டுடியோவுக்கு வரமாட்டேன், வேண்டுமானால் நீங்கள் வாருங்கள் என்பது அவர் கட்சி. ஃபிரெட் கெய்ஸ்பர்க்கும் தம்பி வில்லும் இயந்திரங்களைக் கட்டிக்கொண்டு ரயிலேறினார்கள்.

இந்த ஃபிரெட் கெய்ஸ்பர்க்கை நம் ஊர்த் தட்டுப் பிரியர்களுக்குப் புதிதாக அறிமுகப்படுத்த வேண்டியதில்லை. 1902 நவம்பரில் கல்கத்தாவில் கௌஹர் ஜானைப் பதிவு செய்தவர் அவர்தான். பாட்டு முடிந்ததும் கௌஹர் ஜான் தன் பெயரை ஆங்கிலத்தில் உரக்கச் சொல்லும் அந்தத் தட்டுகளோடுதான் இந்திய இசைத்தட்டின் வரலாறே தொடங்குகிறது. அதே மனிதர், அதே மாதிரிக் குழல், மூன்று வருஷம் கழித்து வேல்ஸ் மலையடிவாரத்தில். இரண்டு பாடகிகளும் சம்பளத்தில் விட்டுக்கொடுக்காதவர்கள் என்பது கெய்ஸ்பர்க்கின் தலையெழுத்து.

கோட்டையில் இரண்டு பெரிய படுக்கையறைகளைக் கொடுத்தார்கள். ஒன்றில் பாடகி, மற்றொன்றில் இயந்திரம். நடுவில் திரை தொங்கவிட்டு அதில் ஓர் ஓட்டை, ஓட்டை வழியாகக் குழலின் வாய் மட்டும் இந்தப் பக்கம் எட்டிப் பார்க்கும். பியானோவை மரப்பெட்டிகளின் மேல் ஏற்றி நிறுத்தினார்கள், சத்தம் குழலுக்குள் போக வேண்டுமே. மைக் வருவதற்கு 20 வருஷம் முந்தைய காலம். பாடும் குரலின் அதிர்வே ஊசியை ஆட்டி மெழுகில் கோடு கிழிக்க வேண்டும். மெதுவாகப் பாடும்போது குழலுக்குள் முகத்தை நுழைக்காத குறையாக நிற்க வேண்டும், உச்ச ஸ்தாயிக்குப் போகும்போது பின்னால் விலக வேண்டும். விலகாவிட்டால் ஊசி துள்ளிக் கோடு கெட்டுவிடும். பழகிய பாடகர்கள் தாங்களாகவே விலகுவார்கள். அடெலினாவைத் தோளைப் பிடித்து இழுக்க வேண்டியிருந்தது. 45 வருஷமாக மேடையில் நடு இடத்தை விட்டு நகர்ந்து பழக்கமில்லாத பெண்மணி, பிடிக்குமா? எரிச்சல்பட்டார் என்று கெய்ஸ்பர்க் எழுதியிருக்கிறார்.

பியானோ வாசித்தவர் லாண்டன் ரொனால்ட். முதல் பாட்டு முடிந்ததும் அதை உடனே போட்டுக் காட்டச் சொன்னார் அடெலினா. மெழுகில் ஒரு தடவை ஊசி ஓட்டிவிட்டால் அதிலிருந்து அச்சு எடுக்க முடியாது, பதிவு வீண். பரவாயில்லை, போடு. 62 வயதில் வாழ்நாளில் முதல்முறையாகத் தன் குரலை வெளியிலிருந்து கேட்டார். கேட்டவர் குழலைப் பார்த்து முத்தங்களைப் பறக்கவிட்டு, தான் ஏன் இவ்வளவு பெரிய பாடகி என்று இப்போதுதான் தனக்கே புரிகிறது என்று பிரெஞ்சில் கூவினாராம். ரொனால்ட் சொல்வது இது. இதை அகங்காரம் என்று சிரிப்பவர்கள் உண்டு. என் காதுக்கு அப்படி விழவில்லை. அரை நூற்றாண்டு ஊரெல்லாம் காசு கொடுத்து வாங்கிய சரக்கை விற்றவர் மட்டும் அதுவரை ருசி பார்த்ததில்லை.

மெழுகுத் தட்டுகள் ஜெர்மனியில் ஹனோவர் தொழிற்சாலைக்குப் போய்த் தட்டாக வந்தன. அடெலினாவுக்கென்று தனியாக இளஞ்சிவப்பு லேபிள், விலை 21 ஷில்லிங். 1906 ஜூனில் மறுபடி வந்து இன்னும் சில பாடல்கள் எடுத்தார்கள்.

அந்தக் குரல் எப்படி? உள்ளதைச் சொன்னால், முதல் தடவை கேட்பவர் ஏமாந்துபோவார். மூச்சு சின்னதாகிவிட்டது, மேல் ஸ்வரங்களுக்குப் பயந்து சுருதியை இறக்கிக்கொள்கிறார், ‘காஸ்தா தீவா’வில் சில இடங்களில் தடுமாற்றம் நன்றாகவே கேட்கிறது. ஆனால் பிருகா போடும்போது வயது தெரியாது. ஒரு வரியை எங்கே இழுத்து எங்கே விடுவது என்ற கணக்கு அவருக்கு ரோசினி உயிரோடிருந்த காலத்தில் படிந்தது. அதற்குப் பின் வந்தவர்களிடம் அது இல்லை. ‘லா கலெசேரா’ என்று ஒரு ஸ்பானியப் பாட்டு இருக்கிறது. பிரபு சீமாட்டி பட்டமெல்லாம் கழற்றி வைத்துவிட்டு மாட்ரிட் தெருப் பெண்ணாகக் கத்திப் பாடுகிறார். வீட்டுக்கு யார் வந்தாலும் நான் போட்டுக் காட்டுவது அதைத்தான். இன்னொரு பதிவு விற்பனைக்காக எடுத்ததல்ல. பாட்டே இல்லாமல், கணவருக்குப் புத்தாண்டு வாழ்த்து பிரெஞ்சில் பேசுகிறார். பேச்சுக் குரல் பாட்டுக் குரலைவிடத் தாழ்வாக, அவசர அவசரமாக இருக்கிறது.

1906 டிசம்பர் 1-ல் லண்டன் ஆல்பர்ட் ஹாலில் பிரியாவிடைக் கச்சேரி. விடைபெற்ற பிறகும் பாடினார், அது எல்லா ஊர் வித்வான்களுக்கும் உள்ளதுதான். 1914-ல் யுத்த நிதிக்காக அதே ஹாலில் பாடியது கடைசி. 1919 செப்டம்பர் 27 அன்று க்ரைக்-இ-நோஸில் காலமானார். உடலைப் பதப்படுத்தி வைத்திருந்து, அடுத்த வருஷம் பாரிஸ் கொண்டுபோய், விருப்பப்படி பெர் லஷேஸ் கல்லறைத் தோட்டத்தில் அடக்கம் செய்தார்கள். சொத்து பூராவும் செடர்ஸ்ட்ரோம் பெயருக்கு.

அவர் கோட்டையை 1921-ல் 19,000 பவுண்டுக்கு விற்றார். வாங்கியது வேல்ஸில் காசநோய் ஒழிப்புக்காக இருந்த ஓர் அமைப்பு. 1922-ல் அது அடெலினா பாட்டி ஆஸ்பத்திரி ஆனது. சுரங்க ஊர்களில் காசம் வீடு வீடாகப் புகுந்த காலம், வந்து சேர்ந்தவர்களில் பெரும்பாலோர் குழந்தைகள், இளம் பெண்கள். மருந்து கிடையாது, குளிர்ந்த காற்றும் படுக்கையும்தான் வைத்தியம். பிள்ளைகளைப் பால்கனியில் கட்டிலோடு போட்டு வைப்பார்கள், பனி பெய்தாலும் அங்கேதான். எழுந்து ஓடாமலிருக்கக் கட்டிலோடு கட்டியும் வைத்திருக்கிறார்கள். பெற்றோர் மாதத்துக்கு ஒரு முறைதான் பார்க்கலாம். அப்படி வளர்ந்தவர்கள் கிழவர்களான பிறகு சொன்ன நினைவுகளைத் திரட்டிப் புத்தகமாகவே போட்டிருக்கிறார்கள். போர்வை மேல் பனி படிந்த கட்டில்களின் போட்டோக்கள் உண்டு. ஓபரா பார்க்கப் போன எனக்கு அதுதான் கடைசியில் அதிகம் உறுத்தியது. அடெலினாவின் காலம் அந்த வீட்டில் 40 வருஷம், ஆஸ்பத்திரிக் காலம் 64 வருஷம். இருந்தும் சுற்றிக் காட்டுகிறவர்கள் முதலில் சொல்வது அந்த அம்மாளைத்தான், இரண்டாவது பேயை. பிள்ளைகள் மூன்றாவதாகத்தான் வருகிறார்கள்.

காசநோய்ப் பிரிவு அங்கே 1959-ல் மூடப்பட்டது. அந்த வருஷத்தைப் பார்த்ததும் சென்னைக்காரனான எனக்கு ஒரு நிமிர்வு. அதே 1959-ல்தான் சென்னை சேத்துப்பட்டுக் காசநோய் மையத்தின் ஆய்வு முடிவு உலக சுகாதார நிறுவனத்தின் இதழில் வெளியானது. 193 நோயாளிகள்; ஒரு பாதிப் பேர் சானடோரியத்தில், மறு பாதி நெருக்கடியான தங்கள் சொந்த வீடுகளில். இரு தரப்புக்கும் ஒரே மாத்திரைகள், ஒரு வருஷம். வீட்டில் இருந்தவர்களும் கிட்டத்தட்ட அதே அளவு குணமானார்கள். கூட இருந்த குடும்பத்தாருக்கும் அதனால் கூடுதலாகத் தொற்றவில்லை என்று தொடர்ந்து கவனித்ததில் தெரிந்தது. மலைக்காற்றும் பால்கனியும் தேவையில்லை, மாத்திரை போதும் என்பதை உலகத்துக்கு நிரூபித்தது நம் சேத்துப்பட்டு. க்ரைக்-இ-நோஸை மூட வைத்தது இந்த ஆய்வு என்று நான் சொல்லவரவில்லை. புது மருந்துகள் வந்து அங்கே கட்டில்கள் ஏற்கெனவே காலியாகிக்கொண்டிருந்தன. ஆனால் அப்படிப்பட்ட ஆஸ்பத்திரிகளின் கதையை உலகெங்கும் முடித்து வைத்த காரணங்களில் ஒன்று அது.

பிறகு முதியோர் ஆஸ்பத்திரியாக 1986 வரை ஓடியது. தியேட்டர் பிழைத்ததே அதிசயம். அதை வார்டு ஆக்காமல் விட்டுவைத்தார்கள். நீத் பகுதியைச் சேர்ந்த ஓபரா ஆர்வலர்கள் பல வருஷம் இங்கே வந்து நாடகம் போட்டிருக்கிறார்கள். வேலை முடிந்து வந்து வேஷம் கட்டும் சாதாரண ஜனங்கள். அந்தத் திரைக்கு முன்னால் நின்று பாடும்போது முதுகில் செமிராமிடே முறைப்பது தெரிந்திருக்கும்.

குளிர்காலத் தோட்டம் மட்டும் இப்போது கோட்டையில் இல்லை. 1918-லேயே அதை ஸ்வான்ஸி நகரத்துக்குத் தானமாகக் கொடுத்துவிட்டார் அடெலினா. கழற்றிக் கொண்டுபோய் 1920-ல் கடற்கரையை ஒட்டிய விக்டோரியா பூங்காவில் நிறுத்தி, பாட்டி பெவிலியன் என்று பெயர் வைத்தார்கள். என் மகள் வீட்டிலிருந்து நடந்து போகிற தூரம். டான்ஸ், குத்துச்சண்டை, ராக் கச்சேரி, ஜவுளி விற்பனை என்று அதில் நடக்காதது இல்லை. ஒரு கட்டத்தில் பாழடைந்து கிடந்ததை 1990-களில் ஒரு டி.வி. நிகழ்ச்சிக்காரர்கள் வந்து செப்பனிட்டுக் கொடுத்தார்கள். அதை ஒட்டி ஓர் இந்திய உணவு விடுதியும் திறந்தார்கள். நான் போன அன்று உள்ளே பள்ளிக்கூடப் பிள்ளைகளின் ஏதோ நிகழ்ச்சிக்கு ஒத்திகை. வாசலில் இருந்த ஆள் டிக்கெட் ஏழரை மணிக்குத்தான் என்றார்.